நவம்பர் இருபத்தேழு, காபூல்

"அம்மா... யாராவது செத்துப்போனாத்தானே அப்பா அங்க போறாரு? நம்ம வீட்ல யாரு செத்தா அப்பா இங்க வருவாரு?"

ஆறு வயதில் புகழேந்தி கேட்ட கேள்வி அது. இட்லியைச் சர்க்கரையில் தோய்த்துக்கொண்டே, மழை வருமா என்று கேட்பதுபோலக் கேட்டான். சௌந்தரம் அன்று அவன் வாயில் ஒரு அடி வைத்தாள். "இன்னா பேச்சுடா இது!" என்று அதட்டினாள். அடுத்த மூன்றாவது மாதம் அவன் போய்விட்டான். மூளைக் காய்ச்சல். ஐந்தே நாள்.

அப்பா வரவில்லை.

இருபத்து மூன்று வருடமாகச் சௌந்தரம் அந்தக் கேள்வியை மனதுக்குள் வைத்துக் கூர் தீட்டிக்கொண்டிருக்கிறாள். அதை எடுத்து வீசும் நாள் இன்று வந்திருந்தது.

ஆம்பூரில் அன்று காலை மழை விட்டு விட்டுத் தூறியது. ஈரக் காற்றில் தோல் பதனிடும் தொட்டிகளின் வாடை வழக்கத்தைவிடக் கனமாக இறங்கியிருந்தது. சௌந்தரம் சமையலறையில் இட்லி ஊற்றிவிட்டு, ஒரு பழைய துணியை எடுத்துக்கொண்டு கூடத்துக்கு வந்தாள். சுவரில் தொங்கிய கண்ணாடிச் சட்டத்தைத் துடைக்க ஆரம்பித்தாள். அவள் குளித்ததும் செய்கிற முதல் வேலை அது. சாமி விளக்குகூட அப்புறம்தான்.

சட்டத்துக்குள் இருந்தது ஒரு செய்தித்தாளின் பாதிப் பக்கம். 'இறந்த மகனை மடியிலிருந்து இறக்க மறுத்த தாய்' என்ற தலைப்பு. கீழே, 'நமது போர்முனை நிருபர் பரணிதரன்.' அதற்கும் கீழே, 'காபூல், நவ. 27.'

வீட்டுக்கு வருகிறவர்கள் எல்லோரும் அதைப் பார்த்து நெகிழ்ந்து போவார்கள். விருது வாங்கிய கட்டுரை அல்லவா! புருஷன் எழுதியதைக் கண்ணாடி போட்டு மாட்டி, தினமும் துடைத்து வைக்கிறாளே, இவளைப் போல ஒரு மனைவி உண்டா என்பார்கள். பரணிதரன் சாப்பிட உட்காரும் நாற்காலிக்கு நேர் எதிரே அதை ஏன் மாட்டியிருக்கிறாள் என்று யாரும் யோசித்ததில்லை. நவம்பர் இருபத்தேழாம் தேதி விடிகாலையில்தான் புகழேந்தியின் உடம்பு அவள் மடியில் சில்லிட்டது. அன்று சாயங்காலம் பாலாற்றங்கரையில் அவனைப் புதைத்துவிட்டு வந்தார்கள். மறுநாள் காலை வாசலில் விழுந்த பேப்பரில் இது இருந்தது.

ஊரில் ஒரு தாய் பிள்ளையைக் கொடுத்துவிட்டு உட்கார்ந்திருக்க, அவர் எங்கேயோ ஒரு தாயின் பக்கத்தில் உட்கார்ந்து அவள் அழுததை எழுதியிருக்கிறார்!

"அக்கா, இன்னைக்குமா தொடைக்கணும்? சாயங்காலம் பாராட்டு விழால மாமாவுக்கு ஊரே மாலை போடப் போவுது. நீ கொஞ்சம் நல்ல பொடவையா எடுத்து வை" என்று மாடியிலிருந்து இறங்கி வந்தாள் அம்பிகா. பரணிதரனின் தம்பி சீனிவாசனின் மனைவி. "ஹூம்... எங்க வீட்டுக்காரரும் இருக்காரே! முப்பது வருஷமா தோல் மண்டி, வீடு... தோல் மண்டி, வீடு... ஒரு நாளாவது பேரு பேப்பர்ல வந்துச்சா? நீ குடுத்து வெச்சவ அக்கா!"

"உன் புருஷன் உன் பிள்ளைக்கு ஜுரம் வந்தப்போ எங்க இருந்தாரு அம்பிகா?"

"எங்க இருப்பாரு? ஆஸ்பத்திரி வாசல்லதான்."

"அப்போ நீதான் குடுத்து வெச்சவ."

அம்பிகா மறுபடி மாடிப்படி ஏறினாள்.

பரணிதரன் குளித்துவிட்டு வந்தார். அறுபத்தெட்டு வயது. இடது காலைச் சற்று இழுத்து இழுத்து நடப்பார். அந்தக் காலில் மூன்று விரல்தான். இரண்டைக் காபூல் போனபோது இழந்துவிட்டு வந்தார். குண்டு பட்ட கால் என்று தெருவே பெருமையாகச் சொல்லும். அவர் மறுத்ததும் இல்லை, ஆமாம் என்றதும் இல்லை.

தோல் தொழிற்சாலை வேலை நிறுத்தத்தைப் பற்றி ஆம்பூரிலிருந்து நாலு வரி எழுதி அனுப்பியவர்தான் அவர். அந்த நாலு வரியைப் பார்த்துச் சென்னைப் பத்திரிகை கூப்பிட்டது. பிறகு யாழ்ப்பாணம், கார்கில், காபூல், பாக்தாத்... எங்கே புகை கிளம்பினாலும் அங்கே அவர் பெயர் இருக்கும். அந்த வருடங்களில் எல்லாம் சௌந்தரம் ஷூ கம்பெனியில் மேல் தோல் தைத்தாள். ஒரு நாளைக்கு நூற்றிருபது ஜோடி. அவள் தைத்த ஷூவைப் போட்டுக்கொண்டு எந்தெந்த நாட்டுக்காரனோ நடந்தான். அவள் புருஷன் மட்டும் இடது செருப்பில் பழந்துணியைத் திணித்துக்கொண்டு நடந்தார். அவள் தைத்துக் கொடுக்கவில்லை. கொடுக்கத் தெரியாமல் அல்ல.

அவர் நாற்காலியில் உட்கார்ந்தார். எதிரே இருந்த கண்ணாடியை நிமிர்ந்து பார்க்காமல், தட்டைப் பார்த்தே சாப்பிட்டார். இருபத்து மூன்று வருடமாக அப்படித்தான்.

அவர் கையலம்பி வருவதற்குள் சௌந்தரம் சட்டத்தை ஆணியிலிருந்து கழற்றி ஒரு துணிப்பையில் போட்டிருந்தாள். பெரிய சட்டம். பாதி வெளியே நீட்டிக்கொண்டிருந்தது.

பரணிதரன் காலியான சுவரைப் பார்த்தார். பிறகு பையைப் பார்த்தார்.

"அதையும் கல்யாண மண்டபத்துக்கு எடுத்துட்டு வர்றியா?"

"ஆமா. என்னையும் ரெண்டு வார்த்தை பேசச் சொல்லி உங்க பொண்ணு எழில் கேட்டுச்சு. பேசறேன்னு சொல்லிட்டேன். ஊர் சனம் முன்னாடி இதைத் தூக்கிக் காட்டி, தேதியைப் படிச்சுச் சொல்லப் போறேன். எம்புள்ள கேட்ட கேள்வியையும் சொல்லப் போறேன். உங்க மாலை அப்போ கழுத்துல நிக்குதா பாப்போம்!"

அவர் கோபப்படவில்லை. துண்டில் கையைத் துடைத்துக்கொண்டார்.

"பேசு சௌந்தரம். மைக்குல நல்லா கேக்கற மாதிரி பேசு" என்று சொல்லிவிட்டு, முடிவெட்டிக்கொள்ளக் கிளம்பினார். இடது செருப்பு சரக்... சரக் என்று தரையைத் தேய்த்துக்கொண்டு போனது.

அந்த நிதானம்தான் அவளை எரித்தது. கத்தியிருக்கலாமே! காலில் விழுந்திருக்கலாமே! தப்பு செய்தவனுக்கு இத்தனை அமைதி எங்கிருந்து வருகிறது?

பன்னிரண்டு மணி ரயிலில் சென்னையிலிருந்து பிரேம்நாத் வந்து சேர்ந்தார். பரணிதரன் வேலை பார்த்த பத்திரிகையில் பல வருடம் செய்தி ஆசிரியராக இருந்தவர். விழாவில் பேசுவதற்காக மகள் எழிலரசிதான் அழைத்திருந்தாள். அவளும் சித்தப்பா சீனிவாசனும் மண்டப வேலையாகப் போயிருந்ததால் அவரை வரவேற்கக் கீழே சௌந்தரம் மட்டுமே இருந்தாள்.

"அண்ணி, நல்லா இருக்கீங்களா? அண்ணன் எங்க?"

"சலூனுக்குப் போயிருக்காரு. உக்காருங்க. தண்ணி கொண்டாரேன்."

அவள் சொம்போடு திரும்பி வந்தபோது பிரேம்நாத் பைக்குள் இருந்த சட்டத்தைப் பாதி வெளியே இழுத்து வைத்துக்கொண்டு நின்றார். அவர் முகம் சாம்பல் பூத்திருந்தது.

"இதை... இதை எதுக்கு அண்ணி கண்ணாடி போட்டு வெச்சிருக்கீங்க?"

"ஏன்? உங்க அண்ணன் எழுதுனதுதானே. விருதெல்லாம் குடுத்தாங்களே."

"எழுதுனது அவருதான். ஆனா இந்தத் தேதி..." அவர் நாற்காலியில் மெல்ல உட்கார்ந்தார். "இந்தத் தேதி நான் போட்டது அண்ணி."

சௌந்தரத்துக்குப் புரியவில்லை.

"நவம்பர் இருபத்திரண்டாம் தேதி அண்ணன் இதை போன்ல சொல்ல நான்தான் எழுதிக்கிட்டேன். அன்னைக்கு இடம் இல்ல, எடுத்து வெச்சுட்டோம். மறுநாள் உங்க கொழுந்தனார் ஆபீசுக்கு போன் பண்ணி, பையனுக்கு ஜாஸ்தியா இருக்குன்னாரு. நானே சாட்டிலைட் போன்ல அண்ணனைப் புடிச்சுச் சொன்னேன். 'சரி'ன்னு ஒரே வார்த்தை. லைனை வெச்சுட்டாரு. அப்புறம் அவர்கிட்டேருந்து ஒரு வரிகூட வரல."

"வரலையா? அப்போ இது?"

"நாலு நாளா அவரு பேரு வராமப் போனதும், முதல் பக்கத்துல வந்தாகணும்னு மேலேருந்து உத்தரவு. எங்க ஆளு அங்க இல்லன்னு வாசகருங்களுக்குத் தெரியக்கூடாதுன்னாங்க. கையில இருந்தது இந்தப் பழைய செய்தி ஒண்ணுதான். இருபத்தேழாம் தேதி ராத்திரி நான் எடுத்தேன். இருபத்திரண்டுன்னு இருந்ததை அடிச்சிட்டு இருபத்தேழுன்னு போட்டேன். அப்பல்லாம் எல்லா பத்திரிகை ஆபீஸ்லயும் செய்யறதுதான் அண்ணி... அதே தேதியில உங்க வீட்டுல இப்படி ஆயிருந்தது எனக்கு அப்போ தெரியாது. சத்தியமா தெரியாது."

அவள் சொம்பைத் தரையில் வைத்தாள்.

"அப்போ... இருபத்தேழாம் தேதி அவரு எங்க இருந்தாரு?"

"பனியில. பஸ்ஸு, பிளேனு எதுவும் கெடையாது. எல்லைக்கு வர்றதுக்கு ஒரே ஒரு மலைக் கணவாய். வண்டிக்காரன் பாதியில நிறுத்திட்டு, இதுக்கு மேல வந்தா செத்துருவேன்னுட்டானாம். இவரு எறங்கி நடந்திருக்காரு. நாலு நாள். கடைசியில கால் கருத்துப் போய் விழுந்து கெடந்தவரை யாரோ ஒரு கெழவன் கழுதை மேல போட்டுக் கொண்டாந்து ஒரு டாக்டர்கிட்ட விட்டிருக்கான். அங்கதான் ரெண்டு வெரலையும் எடுத்தாங்க. அண்ணன் உங்ககிட்ட சொல்லவே இல்லையா?"

"குண்டு பட்டதுன்னு..."

"குண்டும் இல்ல, ஒண்ணும் இல்ல. பையனைப் பாக்க ஓடி வந்த கால் அண்ணி அது!"

சௌந்தரம் சுவரைத் திரும்பிப் பார்த்தாள். சட்டம் தொங்கிய இடத்தில் மட்டும் சுண்ணாம்பு வெளுப்பாக, ஒரு கட்டமாக இருந்தது. அந்த வெளுப்பு அவளைப் பார்த்து முறைப்பதுபோல் இருந்தது.

டிசம்பர் பன்னிரண்டாம் தேதி அவர் வாசலில் வந்து நின்றது அவள் கண் முன்னே வந்தது. காலில் கட்டு, முகத்தில் பத்து நாள் தாடி. அந்த வாரம்தான் அங்கே சண்டை ஓய்ந்ததாக ரேடியோவில் சொன்னார்கள். "சண்டை முடிஞ்சிடுச்சா? இப்பத்தான் வீட்டுக்கு வழி தெரிஞ்சுதா?" என்று அவள் மண்ணை வாரி அவர் மேல் வீசினாள். அவர் வாயைத் திறக்கவில்லை.

பிரேம்நாத்தை அம்பிகா மாடிக்குச் சாப்பிட அழைத்துப் போனாள். பரணிதரன் முடி வெட்டி, தலையில் தூறலோடு உள்ளே வந்தார். சௌந்தரம் கூடத்தின் நடுவில் தரையில் உட்கார்ந்திருந்தாள். மடியில் அந்தச் சட்டம்.

"உண்மையா?" என்றாள்.

அவர் சட்டத்தைப் பார்த்தார். மாடியில் பிரேம்நாத்தின் குரல் கேட்டது. புரிந்துகொண்டார்.

"அவன் எதுக்கு இதையெல்லாம்..."

"உண்மையான்னு கேட்டேன்!"

"ம்."

"ஏன் சொல்லல? இருபத்து மூணு வருஷம்! தினம் காலையில உங்களைத் தூக்குல போட்டுட்டுத்தானே நான் விளக்கே ஏத்துனேன்! எதுக்க உக்காந்து எப்படி சோறு எறங்குச்சு உங்களுக்கு? 'அடியே, அந்தத் தேதி பொய்யி'ன்னு ஒரு வார்த்தை... ஒரே ஒரு வார்த்தை சொல்ல வாய் இல்லையா?"

அவர் சிரமப்பட்டு அவள் எதிரே தரையில் உட்கார்ந்தார்.

"நான் வந்தப்போ நீ எப்படி இருந்தேன்னு உனக்கு ஞாபகம் இல்ல சௌந்தரம். பதினஞ்சு நாளா நீ சாப்பிடலைன்னாங்க. எழிலுக்கு மூணு வயசு, அது அழுதாக்கூட நீ திரும்பிப் பாக்கலையாம். கண்ணைத் தொறந்துக்கிட்டு சுவத்தையே பாத்துக்கிட்டு கெடந்தியாம். நான் வாசல்ல வந்து நின்னதும் நீ எந்திரிச்சே. மண்ணை வாரி வீசுனே. அவ்ளோ திட்டு திட்டிட்டு, போயி எழிலைத் தூக்கிக்கிட்டே. அன்னைக்கு ராத்திரிதான் நீ சாப்பிட்டே."

"அதுக்கு?"

"நான் எத்தனையோ ஊர்ல பாத்திருக்கேன். பிள்ளைய குடுத்தவங்க. கோவப்பட ஒரு ஆள் கெடைச்சவங்க பொழைச்சுக்கிட்டாங்க. கெடைக்காதவங்க... பொழைக்கல. என்னை வெச்சு நீ எந்திரிச்சு நடந்தா, நடந்துட்டுப் போன்னு விட்டுட்டேன். சொன்னா மட்டும் இன்னா? புள்ள வந்துடுவானா? நான் வந்து சேரல, அதுதானே நெசம்?"

அவள் விம்மினாள். ஆனால் அவளுக்குள் இருந்த நெருப்பு அவ்வளவு சுலபமாக அணைகிற நெருப்பு அல்ல.

"அப்புறம் பாக்தாத் போனீங்களே! அது எனக்காகப் போனீங்களா? எழில் வயசுக்கு வந்தப்போ இல்ல. எனக்கு கர்ப்பப்பை எடுத்தப்போ இல்ல. அதுக்கெல்லாம் யாரு தேதி மாத்துனாங்க?"

"யாரும் மாத்தல" என்றார் அவர். "அதெல்லாம் என் தப்புதான். உன் மூஞ்சியைப் பாக்க பயம்... குண்டு வுழற ஊர்ல தூக்கம் வந்துச்சு, நம்ம வீட்ல வரல. நீ சாயங்காலம் பேசு சௌந்தரம். அதையெல்லாம் பேசு. இந்தத் தேதியை மட்டும் வுட்டுடு... அதுல மட்டும் நான் கெளம்பிட்டேன். அவனைப் பாக்கணும்னு... கெளம்பிட்டேன்மா!"

முதல் முறையாக அவர் அழுதார். போர்க்களத்தில் நூறு பிணம் பார்த்த மனிதர், ஆறு வயதுப் பிள்ளைக்காக இருபத்து மூன்று வருடம் கழித்து வாய்விட்டு அழுதார். சௌந்தரம் சட்டத்தைக் கீழே வைத்தாள். எந்தக் கையால் மண்ணை வீசினாளோ அந்தக் கையால் அவர் தலையைப் பிடித்துத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள். கழுத்தில் ஒட்டியிருந்த வெட்டுமுடி அவள் கன்னத்தில் குத்தியது. இருவருமாகச் சேர்ந்து தங்கள் பிள்ளைக்காக அழுதது அதுதான் முதல் தடவை.

அழுகை தானாக ஓய்ந்ததும் அவள் எழுந்து முகம் கழுவினாள். மாடிக்குப் போய், பிரேம்நாத்தின் இலையில் இன்னொரு கரண்டி ரசம் ஊற்றினாள். "மன்னிச்சிடுங்க அண்ணி" என்றார் அவர். "இப்பவாவது சொன்னீங்களே. சாப்பிடுங்க" என்றாள். மனதில் வஞ்சம் வைத்து வளர்க்கிறவர்களைக் கடவுள் எந்த வழியில் மீட்பார் என்று நமக்குத் தெரியாது. சில சமயம் பன்னிரண்டு மணி ரயிலில்கூட ஆள் அனுப்புகிறார்.

மாலையில் கல்யாண மண்டபம் நிறைந்திருந்தது. சௌந்தரம் வெறுங்கையோடு மேடை ஏறினாள். எழிலரசி மைக்கை இறக்கிக் கொடுத்தாள்.

"எனக்குப் பேச வராது" என்று ஆரம்பித்தாள். "எம்புள்ள புகழேந்தி ஆறு வயசுல ஒரு கேள்வி கேட்டான். நம்ம வீட்ல யாரு செத்தா அப்பா வருவாருன்னு கேட்டான்."

பரணிதரன் தலை குனிந்தார்.

"எனக்குப் பதில் தெரியல. அதை வெச்சு அவரை இத்தனை வருஷம் நான் விடல. இவரு வீட்ல இருக்க வேண்டிய நாள்ல எல்லாம் இல்ல, அதை நான் மறைக்க மாட்டேன். ஆனா அந்தக் கேள்விக்குப் பதில் இன்னைக்கு மத்தியானம்தான் எனக்குத் தெரிஞ்சுது. யாரும் சாகறதுக்கு முன்னாடியே அப்பா கெளம்பிட்டாருடா கண்ணா... பனியில நடந்தே கெளம்பிட்டாரு. இந்தக் கால்ல இல்லாத ரெண்டு வெரலும் குண்டுக்குக் குடுத்தது இல்ல. உனக்குக் குடுத்தது."

மைக்கை விட்டு விலகி நின்றாள். மாலையைப் போட வந்த பெரியவர் மாலையைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார். முன்வரிசையில் அம்பிகா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

ஒரு வாரம் போயிற்று.

அன்று காலை பரணிதரன் குளித்துவிட்டு ஈரக்காலோடு கூடத்தைக் கடந்து அறைக்குள் போனார். சிமெண்டுத் தரையில் அவர் இடது பாதம் அச்சாகப் பதிந்திருந்தது. மூன்று விரல். அதற்குப் பக்கத்தில் ஒன்றும் இல்லாத இடம். சௌந்தரம் சட்டத்தின் பின்பலகையைக் கழற்றி, அந்தப் பழுப்பேறிய பாதிப் பக்கத்தை எடுத்தாள். எழுத்து மேலே இருக்க அதைத் தரையில் விரித்து மெல்ல அழுத்தினாள். ஈரம் காகிதத்தில் ஊறி அடிப்பக்கம் பாதமாக வந்தது. காய்வதற்குள் பென்சிலால் சுற்றிக் கோடு போட்டாள். பிறகு வலது பாதத்தையும், மிச்சமிருந்த இடத்தில். காபூலும் நவம்பரும் மறுபக்கத்தில் நனைந்து கிடந்தன.

வெள்ளிக்கிழமை மத்தியானம் ஃபரீதாவின் சிறிய தையல் கூடத்துக்குப் போனாள். ஷூ கம்பெனியில் அவளோடு பதினெட்டு வருடம் பக்கத்து மெஷினில் உட்கார்ந்தவள் ஃபரீதா. புகழேந்தி போன வாரம் முழுக்க இந்த வீட்டுக்கு அடுப்பு மூட்டி எழிலுக்குச் சோறு ஊட்டியவளும் அவள்தான்.

"ரெண்டு அடி நல்ல தோலு குடு ஃபரீதா. உள்ளாற வைக்க மெத்து மெத்துன்னு லைனிங்கும் வேணும்."

ஃபரீதா கேள்வி கேட்கவில்லை. இருப்பதிலேயே மிருதுவான தோலை எடுத்து மேஜையில் வைத்தாள். "எல்லாரும் தொழுகைக்குப் போறாங்க. நானும் வீட்டுக்குப் போறேன். மூணு மணிக்குத்தான் வருவோம். சாவி இந்தா" என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு போனாள்.

ஆளில்லாத கூடத்தில் ஒற்றை மெஷின் ஓடியது. பல லட்சம் ஜோடி தைத்த கைகள்தான். ஆனால் இந்த ஒரு ஜோடிக்கு நூல் கோர்க்க மூன்று தடவை ஆயிற்று. இடது ஷூவின் முனையில், விரல் இல்லாத இடத்தில், லைனிங்கை நாலாக மடித்து, உறுத்தாமல் கையால் தைத்தாள். விரலை உள்ளே விட்டு விட்டுத் தடவிப் பார்த்தாள். ஒரு இடத்தில் தையல் நெருடியது. பிரித்துவிட்டு மறுபடி தைத்தாள். அடுத்த வெள்ளிக்கிழமையும் அப்படியே போனது. அடித்தோல் ஒட்டி, காயவைத்து முடித்ததும், சாவியை ஃபரீதா வீட்டில் கொடுத்துவிட்டு வந்தாள்.

மறுநாள் காலை. வீட்டில் எல்லோரும் அவரவர் வேலையில் இருந்தார்கள். சௌந்தரம் வாசலுக்குப் போய், துணி திணித்த பழைய செருப்பை எடுத்து முந்தானையில் மறைத்துக்கொண்டாள். அந்த இடத்தில் புது ஷூவை வைத்தாள். சமையலறைக்குத் திரும்பி, இட்லிப் பானையின் மூடியைத் திறக்காமல் கையில் பிடித்தபடி நின்றாள்.

பரணிதரன் வாசலுக்கு வரும் சத்தம் கேட்டது. நின்றார். பிறகு அவர் குனிவதும், சுவரைப் பிடித்துக்கொள்வதும் கேட்டது. அவர் அவளைக் கூப்பிடவில்லை. அவளும் எட்டிப் பார்க்கவில்லை.

படியிறங்கி நடந்தார். டக்... டக்... டக்... இரண்டு காலும் ஒரே மாதிரி ஊன்றின. இழுக்கவில்லை. தேய்க்கவில்லை. அந்தச் சத்தம் தெருமுனை வரை போய், கடைத்தெருப் பக்கம் திரும்பாமல், புகழேந்தி இருக்கும் பாலாற்றுப் பக்கம் திரும்பியது.

அது கேட்காமல் போகும் வரை நின்றுவிட்டு, சௌந்தரம் மூடியைத் திறந்தாள்.